அம்மாவின் பாதத்தைப் பார்த்துக்கொண்ட நாட்கள்

என் பிள்ளைகளுக்கும், அவர்கள் அம்மாவின் முதலாம் ஆண்டு நினைவுக்கு வந்திருந்து இந்த மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர், நண்பர் எல்லோருக்கும் என் வணக்கம்.

பெரியவன்தான் என்னை எழுதச் சொன்னான். "அப்பா, எல்லாரும் எழுதிக் குடுத்துட்டாங்க. நீங்கதான் பாக்கி" என்றான். நான் பத்தாவது வரை படித்தவன். சர்க்கார் ஆபீசில் வேலையில் இருந்த காலமெல்லாம் ஃபைலைத் தூக்கிக்கொண்டு மேசை மேசையாகப் போனேனே தவிர, ஃபைலில் ஒரு வரி எழுதியதில்லை. அம்மாவின் பொறுமையைப் பற்றியும் கைமணத்தைப் பற்றியும் மற்றவர்கள் அழகாக எழுதியிருப்பார்கள். எனக்கு அவ்வளவு வராது. கடைசிச் சில வருஷங்கள் அம்மாவின் பாதங்களைப் பார்த்துக்கொள்ளும் வேலை எனக்கு வாய்த்தது. எனக்கு நன்றாகத் தெரிந்தது அது ஒன்றுதான். அதை எழுதுகிறேன்.

நினைவு மலரில் காலைப் பற்றியும் நகத்தைப் பற்றியும் எழுதுவார்களா என்று பெரியவர்கள் நினைக்கக்கூடும். மன்னிக்க வேண்டும். பெரியவனுக்கும் சர்க்கரை ஆரம்பித்திருக்கிறது என்று மருமகள் போனில் சொன்னாள். அவன் ஆபீஸ் விட்டு வந்து சாக்ஸோடு சோபாவில் படுத்துத் தூங்குகிறவன். அவனுக்காகத்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது. சின்னவளுக்குத் தமிழ் எழுத்துக்கூட்டித்தான் வரும். டெல்லியில் வளர்ந்த பிள்ளை. அவளுக்கு மாப்பிள்ளை படித்துக் காட்டட்டும்.

அம்மா மன்னார்குடிக்குப் பக்கத்தில் ஒரு சாதாரண விவசாயக் குடும்பத்தில், நான்கு பெண்களில் மூன்றாவதாகப் பிறந்தார். எட்டாவதோடு படிப்பு நின்றுவிட்டது. என்னைக் கட்டிக்கொண்டு ஒரு தை மாதத்தில் டெல்லிக்கு வந்தார். ரயிலை விட்டு இறங்கும்போது காலில் ரப்பர் செருப்பு. பல் கிடுகிடுவென்று அடித்துக்கொண்டது. அன்றைக்கே சரோஜினி நகர் மார்க்கெட்டுக்குக் கூட்டிப் போய் கம்பளி சாக்ஸ் வாங்கிக் கொடுத்தேன். போட்டால் மெட்டி இடித்தது. "மெட்டிய ரெண்டு மாசம் கழட்டி வையேன்" என்றேன். அம்மா என்னைப் பார்த்த பார்வையில் நான் வாயை மூடிக்கொண்டேன். மறுநாள் பார்த்தால், சாக்ஸில் மெட்டி இருக்கும் இடத்தில் கத்தரிக்கோலால் ஓட்டை போட்டு, ஓரத்தைத் தைத்து, மெட்டியை வெளியே எட்டிப் பார்க்க விட்டுப் போட்டிருந்தார். குவார்ட்டர்ஸ் பெண்கள் பார்த்துச் சிரித்தார்கள். அம்மாவும் கூடச் சேர்ந்து சிரித்தார். அப்படித்தான் டெல்லியில் அம்மாவுக்குச் சிநேகிதம் உண்டாயிற்று.

என் ஒரு சம்பளம் போதவில்லை. அம்மா மாவு அரைத்து விற்க ஆரம்பித்தார். ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் இட்லி அரிசியும் உளுந்தும் நான் வாங்கி வருவேன். ஊறவைப்பது, அரைப்பது, தூக்குப் பாத்திரங்களில் ஊற்றி வீடு வீடாகக் கொண்டுபோய்க் கொடுப்பது எல்லாம் அம்மா. லிஃப்ட் இல்லாத கட்டடங்கள். மாடி மாடியாக ஏறி இறங்கினார். கிரைண்டர் ஓடுகிற சமையலறையில் தரை எப்போதும் ஈரம். அந்த ஈரத்திலேயே நின்று விரலிடுக்குத் தோல் வெளுத்துப் பிய்ந்து போகும். குளிர்காலத்தில் குதிகால் வெடித்து ரத்தம் கசியும். மஞ்சளை அரைத்துப் பூசிக்கொண்டு மறுபடியும் பாத்திரத்தைத் தூக்குவார். கேட்டால், "நடக்கிற காலுன்னா அப்படித்தாங்க இருக்கும். உக்காந்திருக்கிற காலுதான் வழவழன்னு இருக்கும்" என்பார். நீங்கள் இரண்டு பேரும் புசா ரோடு பள்ளிக்கூடத்துக்கு பஸ் ஏறிப் போய்ப் படித்தது அந்த வெடித்த கால்களால்தான். இதை உங்களிடம் அம்மா ஒரு நாளும் சொல்லியிருக்க மாட்டார்.

சின்னவள் காலேஜில் சேர்ந்த சமயம் அம்மாவுக்குச் சர்க்கரை இருப்பது தெரிந்தது. மாத்திரை சாப்பிட்டார், இனிப்பை விட்டார், பூங்காவைச் சுற்றி நடந்தார். எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. ஒரு நாள் மார்க்கெட்டிலிருந்து திரும்பி வந்தார். ஒரு காலில்தான் செருப்பு இருந்தது.

"இன்னொண்ணு எங்கம்மா?" என்று கேட்டேன்.

குனிந்து பார்த்தார். "போட்டுக்கிட்டுத்தானே வந்தேன்!" என்றார்.

எங்கோ வழியில் கழன்று விழுந்திருக்கிறது. வெறுங்காலோடு அவ்வளவு தூரம் நடந்தது தெரியவே இல்லை. அன்று எல்லோருமாகச் சிரித்தோம். சின்னவள் அதை அவள் சிநேகிதிகளிடம்கூடச் சொல்லிச் சிரித்தாள். அது பாதம் மரத்துப் போவதன் அடையாளம் என்று எங்கள் யாருக்கும் தெரியாது. பெரியவனே, உனக்கு எப்போதாவது செருப்பு நழுவியது தெரியாமல் போனாலோ, பாதத்தில் எறும்பு ஊறுவது போல இருந்தாலோ, பஞ்சின் மேல் நடப்பது போல இருந்தாலோ, சிரித்துவிட்டு விடாதே. அன்றைக்கே டாக்டரிடம் போ.

நான் ஓய்வு பெற்றதும் குவார்ட்டர்ஸைக் காலி செய்து மயூர் விகாரில் இந்தச் சின்ன ஃப்ளாட்டுக்கு வந்தோம். பெரியவன் வேலைக்காக பெங்களூர் போனான். சின்னவள் கல்யாணமாகிப் புனே போனாள். நானும் அம்மாவும்தான். அம்மாவுக்கு முழங்கால் மடங்கவில்லை. பார்வையும் மங்க ஆரம்பித்தது. தன் உள்ளங்காலைத் தானே பார்க்க முடியாத நிலைமை வந்துவிட்டது.

எதிர் ஃப்ளாட்டில் இருக்கும் பஞ்சாபி அம்மாள் அம்மாவுக்கு உயிர்ச் சிநேகிதி. அந்தக் குளிர்காலத்தில் அம்மாவின் குதிகால் வெடிப்பைப் பார்த்துவிட்டு ஒரு வைத்தியம் சொன்னார். மெழுகுவத்தியைக் கடுகெண்ணெயில் போட்டு உருக்கி, ஆறவைத்து, வெடிப்பில் தடவினால் மூடிக்கொள்ளும். அவர் வருஷா வருஷம் செய்கிறவர்தான். அவர் தப்பாக ஒன்றும் சொல்லவில்லை. ஆறிவிட்டதா என்று அவர் தன் பாதத்தில் ஒரு சொட்டு விட்டுப் பார்ப்பார். அம்மாவும் அப்படியே பாதத்தில் விட்டுப் பார்த்திருக்கிறார். அந்தப் பாதத்துக்குத்தான் சூடு தெரியாதே! அடுப்பிலிருந்து இறக்கிய மெழுகைக் குதிகால் முழுக்க ஊற்றிக்கொண்டு, மேலே பழுப்பு நிறச் சாக்ஸையும் போட்டுக்கொண்டார்.

"சூடே இல்லைங்க, இதமாத்தான் இருந்துச்சு" என்று என்னிடம் சந்தோஷமாகச் சொன்னார்.

சில நாள் கழித்துப் படுக்கை விரிப்பில் மஞ்சளாக ஒரு கறையைப் பார்த்தேன். வாடையும் வந்தது. "காலக் காட்டும்மா" என்றேன்.

"ஒண்ணுமில்ல, எண்ணெய் பட்டிருக்கும்."

"காட்டேன், பாத்துடறேன்."

"நல்லா இருக்கே! நீங்க போயி என் காலப் பிடிச்சுப் பாக்கிறதாவது?" என்று காலைப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டார்.

எதிர் வீட்டு அம்மாளைக் கூப்பிட்டுத்தான் சாக்ஸைக் கழற்ற வேண்டியிருந்தது. சாக்ஸ் சதையோடு ஒட்டியிருந்தது. அந்த அம்மாள் "ஹாய் ரப்பா!" என்று தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா அழுகிய தோலை வெட்டி எடுத்தபோது அம்மா சும்மா ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். டாக்டரம்மா நிமிர்ந்து, "தர்த் நஹி ஹோதா, அம்மாஜி?" என்று, வலிக்கவில்லையா எனக் கேட்டார்.

"பில்குல் நஹி ஜி", துளிகூட இல்லை என்று அம்மா கொஞ்சம் பெருமையாகவே சொன்னார்.

டாக்டரம்மாவின் முகம் மாறியது. என்னை வெளியே கூப்பிட்டு இந்தியில் சொன்னதன் சாரம் இதுதான்: வலிக்கவில்லை என்பதுதான் இங்கே வியாதி. இந்தப் பாதத்துக்கு இனி வாய் கிடையாது. இன்னொருவருடைய கண் தினமும் அதைப் பார்க்க வேண்டும். தவறினால் அடுத்த தடவை முழங்காலுக்குக் கீழே எடுக்க வேண்டி வரலாம்.

சின்னவள் லீவு போட்டு வந்தாள். அவள் இருந்தவரை தினமும் அம்மாவின் காலைக் கழுவி, துடைத்து, மருந்து வைத்துக் கட்டினாள். ஆனால் அவளுக்கும் வேலை இருக்கிறது, பேரனுக்குப் பள்ளிக்கூடம் இருக்கிறது. அவள் புறப்பட்டுப் போன அன்று மத்தியானம் நான் கிண்ணத்தில் தண்ணீரை எடுத்துக்கொண்டு போனேன். அம்மா அழுதுவிட்டார்.

"வேண்டாங்க. தாலி கட்டின கையி. அந்தக் கையால என் காலத் தொட்டா பாவம் உங்களுக்கு இல்ல, எனக்கு. போற எடத்துல நான்தான் பதில் சொல்லணும்."

"காலே போயிட்டா அந்த எடத்துக்கு எப்படிப் போவே? நொண்டிக்கிட்டா?"

அழுகையிலும் அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆனாலும் காலைத் தரவில்லை. டிரெஸ்ஸிங் செய்ய ஆள் வைக்கலாம் என்றார். வாரத்தில் சில நாள் அப்படியும் செய்தோம். மற்ற நாள்? நான் அறைக்குள் வந்தாலே புடவைத் தலைப்பால் பாதத்தை மூடிக்கொள்வார். இத்தனை வருஷம் ஒரே வீட்டில் இருந்து, அந்த ஒரு முழத் துணியை விலக்க எனக்கு வழி தெரியவில்லை. கட்டு ஈரமாகிக்கொண்டே இருந்தது. புண் ஆறுகிற வழியாக இல்லை. அந்தக் கால் போய்விடும் என்றே பயந்தேன்.

ஆஸ்பத்திரியில் கட்டு மாற்றும் அறையில் ஒரு மலையாளி நர்ஸ். நான் சங்கதியைச் சொன்னேன். அவர் அம்மாவைப் பார்த்து இடுப்பில் கை வைத்துக்கொண்டார்.

"அம்மே, நான் காலையில இருந்து எத்தனை பேரோட கால் பிடிச்சாச்சு தெரியுமோ? எனக்கு எல்லாரும் பாவம் தந்துட்டுப் போறாங்களோ?"

"நீங்க நர்ஸு. உங்க தொழில் அது. இவரு புருஷன்."

"சரி. அப்ப இது போட்டா?" என்று ஒரு டப்பா கிளவுஸை எடுத்து என் மடியில் வைத்தார். "இது போட்டா கை காலைத் தொடல்ல. ரப்பர்தான் தொடும். ரப்பருக்கு என்ன பாவம்?"

அம்மா அந்த டப்பாவை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்து, "உங்களுக்கு அந்த ரப்பர் அலர்ஜி ஒண்ணும் பண்ணாதே?" என்றார். சம்மதம் என்று அர்த்தம்.

அடுத்து எப்படி உட்காருவது என்று ஒரு பஞ்சாயத்து. அம்மா கட்டிலில் உட்கார்ந்து நான் கீழே உட்கார்ந்தால் அவர் புருஷனை விட உயரத்தில் இருக்கிறாராம். நான் நாற்காலியில் உட்கார்ந்தால் அம்மாவின் கால் அவ்வளவு உயரம் எழும்பாது. கடைசியில் சோபா மெத்தைகளைத் தரையில் போட்டு, எதிரும் புதிருமாக, சரிசமமாக உட்கார்ந்தோம். என் மடியில் ஒரு துண்டு. அதன்மேல் அம்மா காலை வைத்துவிட்டு, முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு "முருகா, முருகா" என்று முணுமுணுத்தார். நான் கிளவுஸ் போட்ட கையால் கட்டைப் பிரித்தேன்.

இனி நான் செய்ததைச் சொல்கிறேன். பிள்ளைகளே, இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள்.

தண்ணீர் வெதுவெதுப்பாக இருந்தால் போதும். அதைப் பாதத்தால் பார்க்கக் கூடாது. முழங்கையை நனைத்துப் பார்க்க வேண்டும். வாளியில் நெடுநேரம் ஊறவைக்கக் கூடாது. தோல் ஊறிப் பிய்யும். சோப்புப் போட்டுக் கழுவியதும் மெல்லிய துண்டால் ஒற்றி எடுக்க வேண்டும், தேய்க்கக் கூடாது. விரலிடுக்கில் துண்டின் முனையை விட்டுத் துடைக்காதவர்கள்தான் அதிகம். அந்த ஈரத்தில்தான் எல்லாம் ஆரம்பிக்கிறது. பிறகு தேங்காயெண்ணெயைப் பாதத்திலும் குதிகாலிலும் தடவலாம், விரலிடுக்கில் மட்டும் தடவக் கூடாது. புண் இருக்கும் இடத்தில் டாக்டர் சொன்ன மருந்தைத் தவிர வேறு எதுவும் வேண்டாம். மஞ்சளும் வேண்டாம், மெழுகும் வேண்டாம்.

அப்புறம் பார்க்க வேண்டும். வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். குதிகால், உள்ளங்கால், ஒவ்வொரு விரலிடுக்கு, நகத்தின் ஓரம். எங்கேயாவது சிவப்பு, கொப்புளம், கருப்பு, புதிதாக ஒரு கீறல் இருக்கிறதா? பக்கத்தில் ஆள் இல்லாதவர்கள், ஷேவிங் கண்ணாடியைத் தரையில் வைத்து அதன்மேல் பாதத்தைத் தூக்கிப் பிடித்தால் போதும், அடிப்பக்கம் தெரியும். பெரியவனே, உன் வீட்டில் அந்தக் கண்ணாடி இருக்கிறது, நான் பார்த்திருக்கிறேன்.

சாக்ஸ் வெள்ளையாக வாங்கு. பழுப்பும் கருப்பும் கறையை மறைத்துவிடும். உள்ளே தையல் உறுத்தினால் திருப்பிப் போட்டுக்கொள், யாரும் உன் சாக்ஸைப் பார்க்கப் போவதில்லை. ஷூவைப் போடுமுன் கவிழ்த்துத் தட்டு. ஒரு தடவை அம்மாவின் ஷூவைத் தட்டினேன், வேர்க்கடலைத் தோல் விழுந்தது. பூங்கா வெயிலில் உட்கார்ந்து எதிர் வீட்டு அம்மாளோடு கடலை உரித்ததன் மிச்சம். நமக்கு அது கடலைத் தோல். மரத்துப்போன பாதத்துக்கு அது கத்தி. டெல்லிக் குளிருக்கு ஹீட்டர் முன்னால் காலை நீட்டுவது, சுடுதண்ணீர்ப் பையைக் காலடியில் வைப்பது இரண்டையும் விட்டுவிடு. கால் ஆணியை பிளேடால் சீவாதே. மருந்துக்கடையில் விற்கிற கால் ஆணிப் பட்டையையும் ஒட்டாதே. வீட்டுக்குள்ளும் வெறுங்காலோடு நடக்காதே.

நகத்துக்கு வருகிறேன். அதில்தான் அம்மாவோடு பெரிய வழக்கு. செவ்வாய் வெள்ளி நகம் வெட்டக் கூடாது, விளக்கு வைத்த பிறகு கூடாது, அமாவாசை, சஷ்டி, கிருத்திகை கூடாது. இது போதாதென்று எதிர் வீட்டு அம்மாள் வந்து, வியாழனும் சனியும் நகத்தில் கை வைக்கவே கூடாது என்று அவர்கள் பக்கத்துச் சட்டத்தையும் சேர்த்துவிட்டார். அம்மா அதையும் ஏற்றுக்கொண்டார். "அவங்க ஊருல இருக்கோம், அவங்க சாமியையும் மதிக்கணும்ல?" என்றார். கணக்குப் பார்த்தால் நகம் வெட்ட நாளே மிஞ்சாது போலிருந்தது. கெஞ்சிக் கூத்தாடி ஞாயிற்றுக்கிழமைக் காலையை வாங்கினேன்.

குளித்த பிறகு வெட்டினால் நகம் மெத்தென்று இருக்கும். நேராக வெட்ட வேண்டும். கைநகம் போல வளைத்து வெட்டி, மூலையைத் தோண்டி எடுத்தால், நகம் சதைக்குள் வளர்ந்து சீழ் வைக்கும். ஒட்ட வெட்டக் கூடாது. கூர்மையான முனையை நகம் தேய்க்கும் அட்டையால் மெல்லத் தேய்த்து மழுக்கினால் போதும். அம்மாவின் பெருவிரல் நகம் மஞ்சளாகிக் கெட்டித்திருந்தது. அதை நான் தொடவில்லை, ஆஸ்பத்திரியில்தான் வெட்டச் சொன்னேன். தெரியாததைத் தொடாமல் இருப்பதும் வைத்தியம்தான்.

குளிர்காலத்து ஞாயிறுகளில் வீட்டுக்குள் வெளிச்சம் போதாது. பால்கனியில் வெயில் விழும் இடத்தில் மெத்தையைப் போட்டு உட்காருவோம். ஒரு தடவை எதிர் பால்கனியிலிருந்து அந்த அம்மாள் பார்த்துவிட்டுத் தன் வீட்டுக்காரரை உள்ளேயிருந்து கையைப் பிடித்து இழுத்து வந்தார். "தேகோ ஜி, தேகோ! இவர் பெண்டாட்டி காலில் எத்தனை விரல் என்று இவருக்குத் தெரியும். உங்களுக்கு என் முகமாவது ஞாபகம் இருக்கிறதா?" என்று இந்தியில் கத்தினார். அந்த மனிதர் பாவம், பேப்பரோடு உள்ளே ஓடிவிட்டார். அம்மா வெட்கத்தில் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு, "ஜல்தி வெட்டுங்க, மானம் போவுது" என்றார். காலை மட்டும் இழுத்துக்கொள்ளவில்லை.

கிளவுஸில் ஒரு குறை இருந்தது. தோல் எங்கேயாவது அதிகமாகச் சுடுகிறதா என்று ரப்பர் வழியாகத் தெரியவில்லை. உள்ளே சீழ் பிடிக்க ஆரம்பித்தால் வெளியே தெரியுமுன் அந்த இடம் சுடும் என்று டாக்டரம்மா சொல்லியிருந்தார். இதை அம்மாவிடம் எப்படிச் சொல்வது என்று தயங்கிக்கொண்டே இருந்தேன். ஒரு நாள் டப்பாவில் கையை விட்டேன். காலி.

"கிளவுஸ் தீந்துடுச்சு. மருந்துக்கடைக்குப் போயிட்டு வந்துடறேன்" என்று எழுந்தேன்.

அம்மா சுவரைப் பார்த்தபடியே இருந்தார். கால் துண்டின் மேல் இருந்தது.

"இந்த வெயில்லயா? அப்புறம் போயிக்கலாம். உக்காருங்க" என்றார்.

உட்கார்ந்தேன். கையை நன்றாகக் கழுவித் துடைத்துவிட்டு வெறுங்கையால் பாதத்தை எடுத்தேன். அன்று "முருகா" சத்தம் கேட்கவில்லை. நான் மறுபடி கிளவுஸ் வாங்கவில்லை, அம்மாவும் கேட்கவில்லை. அதைப் பற்றி நாங்கள் பேசிக்கொண்டதே இல்லை. பாதம் முடிந்ததும் என் கையைத் தன் இரண்டு கையாலும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். அதைத் தடுக்க வேண்டாம் என்று விட்டுவிட்டேன்.

பல மாதத்தில் அந்தப் புண் மூடியது. டாக்டரம்மா குதிகாலைத் தடவிப் பார்த்துவிட்டு, அறையில் இருந்த மற்ற நோயாளிகளுக்குக் காட்டினார். அம்மா சொந்தக் காலில் நடந்து வீட்டுக்கு வந்தார். டெல்லியிலேயே இருக்கும் முருகன் மலைக் கோயிலுக்குப் போக வேண்டும் என்றார். வெயில் ஏறுமுன் கூட்டிப் போனேன். கல் சுடும் என்று வெள்ளைச் சாக்ஸோடு படியேறினார். ஒரு பெரியவர் சாக்ஸைச் சுட்டிக்காட்டி ஏதோ சொல்ல வந்தார். "முருகனுக்கு எல்லாம் தெரியும் அய்யா" என்று சொல்லிவிட்டு அம்மா போய்க்கொண்டே இருந்தார்.

போன வருஷம் ஒரு கல்யாணத்துக்குப் புதுச் செருப்புப் போட்டுப் போனார். வந்ததும் பார்த்தேன். வலது பெருவிரலில் கொப்புளம். மறுநாளே ஆஸ்பத்திரி, மறுநாளே கட்டு. கொப்புளம் புண்ணாகி, புண் மெல்ல ஆறிக்கொண்டு வந்தது. ஓரத்தில் இளஞ்சிவப்பாகப் புதுத்தோல் வந்ததைப் பார்த்து நான் சந்தோஷப்பட்டேன். அந்தச் சந்தோஷத்தில் இருக்கும்போதுதான் கணுக்கால் வீங்குவதைப் பார்த்தேன். விரலால் அழுத்தினால் பள்ளம் அப்படியே நின்றது. மூச்சும் வாங்கியது. சிறுநீரகம் பழுது, இருதயமும் பலவீனம் என்றார்கள். நீங்கள் இருவரும் ஓடி வந்தீர்கள்.

நான் பாதத்தில் காவல் இருந்தேன். வியாதி வேறு வாசல் வழியாக வந்துவிட்டது.

கடைசிக்கு முந்தின நாள், ஆஸ்பத்திரியில் பார்வையாளர் நேரத்தில் நான் படுக்கைக்குப் பக்கத்தில் நின்றேன். மூக்கில் குழாய். பேச்சு தெளிவாக இல்லை. குனிந்து கேட்டேன்.

"இன்னைக்குக் காலு பாக்கலியா?" என்றார்.

போர்வையை விலக்கிப் பார்த்தேன். இரண்டு பாதத்தையும் பார்த்தேன். விரலிடுக்கையும் பார்த்தேன்.

"நல்லா இருக்கும்மா" என்றேன்.

"அப்ப சரி" என்றார். கண்ணை மூடிக்கொண்டார். மறுநாள் காலை அம்மா நம்மை விட்டுப் போனார்.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் பலர். அம்மாவின் காலை அம்மாவுக்கே விட்டுவைத்த டாக்டரம்மாவுக்கும், டப்பா கிளவுஸால் எங்கள் வழக்கைத் தீர்த்துவைத்த நர்ஸம்மாவுக்கும் நன்றி. மெழுகைப் பற்றி நினைத்து இன்றுவரை என்னைப் பார்த்தால் கண் கலங்கும் எதிர் வீட்டு அம்மாளுக்குச் சொல்கிறேன்: பெஹன்ஜி, உங்கள் மேல் ஒரு தப்பும் இல்லை. அம்மாவும் அப்படி நினைக்கவில்லை. அம்மா போன பிறகு இரண்டு நாளும் எங்கள் வீட்டுக்குச் சமைத்துப் போட்டது நீங்கள்தான். கடைசிவரை உடனிருந்த மருமகளுக்கும் மாப்பிள்ளைக்கும், ஊரிலிருந்து ரயிலேறி வந்த அம்மாவின் சகோதரிகளுக்கும், கட்டடத்து இளைஞர்களுக்கும் என் கைகூப்பு.

இன்னும் ஒருவர் இருக்கிறார். நம் பக்கத்தில் தமிழர் வீட்டில் யார் போனாலும் கூப்பிடாமலே வந்து முன்னின்று காரியம் செய்கிற பெரியவர். அன்று அம்மாவைக் கூடத்தில் படுக்க வைத்ததும், அவர்தான் வழக்கப்படி இரண்டு கால் பெருவிரலையும் சேர்த்துத் துணியால் கட்டினார். நான் தலைமாட்டில் இருந்தேன். எழுந்து போய், "அய்யா, கொஞ்சம் லூசாக் கட்டுங்க. அந்த விரல்ல புண்ணு இருக்கு, இப்பத்தான் ஆறுது" என்றேன்.

"இனிமே என்னப்பா..." என்று யாரோ ஆரம்பித்தார்கள். அந்தப் பெரியவர் கையைக் காட்டி அவரை நிறுத்தினார். கட்டிய முடிச்சை அவிழ்த்தார். பஞ்சு கேட்டு வாங்கி, புண்ணின் மேல் வைத்து, தளர்த்திக் கட்டினார். பிறகு நகர்ந்து எனக்கு இடம் விட்டு, "இப்ப சரியா இருக்கா, நீங்களே பாத்துச் சொல்லுங்க" என்றார்.

நான் உட்கார்ந்து பார்த்தேன். சரியாக இருந்தது. அவருக்கு என் நன்றி.